குளிருறைச் சீவல்: அதன் செயலும் சொற்களும்

நுண்ணோக்கியின் வழியே ஒரு பொருளைக் காண வேண்டுமாயின், ஒளி அப்பொருளினூடே புகுந்து வருதல் வேண்டும். இஃது எளிய உண்மையே ஆயினும், உயிர்களின் திசுக்களை ஆராயப் புகுந்தோர்க்கு முதற்கண் தடையாய் நின்றதும் இதுவே. புதிதாய் எடுத்த ஈரலோ மூளையோ மென்மையும் ஈரமும் உடையது. கூரிய கத்தியை வைத்தாலும் வழுக்கி நசுங்குமேயன்றி, ஒளி புகத்தக்க மெல்லிய தகடாகச் சீவ இடங்கொடாது. ஆகவே அதனை முதலில் கெட்டிப்படுத்தல் வேண்டும். கெட்டிப்படுத்தும் வழிகளுள் மிக விரைவானது குளிரால் உறையச் செய்தலாம். அங்ஙனம் உறையவைத்துச் சீவிய தகட்டை நாம் இங்கே 'குளிருறைச் சீவல்' என்போம். அதன் செயல்முறையையும், அதனைத் தமிழிற் கூறுதற்கு வேண்டும் சொற்களையும் நமது மாணவர் பொருட்டு ஆராய்வோம். செயலைக் கூறினாற் போதாதோ, சொல்லாராய்ச்சி எதற்கு எனின், இத்துறையில் ஒரு சொல்லைப் பிழைபட உணர்ந்தவர் தம் உடலுக்கே ஊறு தேடிக்கொள்ளக் கூடும் என்பது பின்னர் விளங்கும்.

வழக்கமாகக் கையாளும் முறை மெழுகு முறையாகும். திசுவை முதலில் பார்மலினில் இட்டுவைப்பர். பார்மலின் திசுவை அழுகாமற் காத்துக் கெட்டிப்படுத்தும் என்பதை 1893-ஆம் ஆண்டில் பெர்டினண்டு புளும் என்னும் ஜெர்மானிய வைத்தியர் வெளியிட்டார். பின்னர், படிப்படியாக வலிமை மிகும் ஆல்கஹாலில் இட்டு நீரை அகற்றுவர். ஸைலீன் முதலிய திரவத்தால் ஆல்கஹாலை அகற்றுவர். இறுதியில் உருகிய பாரபின் மெழுகில் ஊறவைப்பர். மெழுகு ஆறி இறுகியதும், முன்பு நீர் இருந்த இடமெல்லாம் மெழுகு நிறைந்து நிற்க, 3 முதல் 5 மைக்ரான் பருமனில் அதனைச் சீவுதல் கூடும். ஒரு மைக்ரான் என்பது மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு. இங்ஙனம் கிடைக்கும் சீவல் மிகத் தெளிவானது; ஆயின் இதற்கு ஒருநாளோ அதனினும் மிக்க காலமோ செல்லும்.

ஒருநாள் தாமதம் மாணவர்க்குப் பெரிதன்று. மயக்கமருந்தால் உணர்விழந்து அறுவை மேசைமேற் கிடக்கும் நோயாளிக்கோ அது தாங்கொணாத தாமதம். வயிற்றைத் திறந்த வைத்தியர் உள்ளே ஒரு கட்டியைக் காண்கின்றார். அது புற்றா, அன்றா? புற்றாயின் சூழ்ந்துள்ள பகுதியையும் அகற்றல் வேண்டும். அன்றாயின் அகற்றுதல் வீண் ஊனமாகும். கையால் தொட்டும் கண்ணாற் பார்த்தும் இதனை எப்பொழுதும் துணிய இயலாது. இந்நிலையில் விடை சில நிமிஷங்களிற் கிடைத்தல் வேண்டும்.

குளிரைக் கருவியாகக் கொள்ளும் எண்ணம் பழமையானதே. 1842-ஆம் ஆண்டு ஜனவரியில், ஜெர்மனியின் கஸ்ஸல் நகரத்து வைத்தியரான பெனடிக்ட் ஸ்டில்லிங், தண்டுவடத்தின் துண்டொன்று கடுங்குளிரில் உறைந்திருக்கக் கண்டு, அதனை மெல்லிதாகச் சீவி நுண்ணோக்கியில் ஆராய்ந்தார். அறுவையின்போதே விடை காண முயன்றவருள் ஒருவர் வில்லியம் வெல்ச் ஆவர். 1891-இல், அமெரிக்காவின் பால்டிமோர் நகரில் உள்ள ஜான்ஸ் ஹாப்கின்ஸ் மருத்துவமனையில், ஹால்ஸ்டெட் என்னும் ரண வைத்தியர் அகற்றிய மார்பகக் கட்டியை அவர் உறையவைத்துச் சீவிப் பார்த்தார். ஆயின் அவர் விடை கொணர்வதற்கு முன்னரே அறுவை முடிந்துவிட்டது. அதே நிலையத்தைச் சேர்ந்த தாமஸ் கல்லன், 1895-இல், உறைந்த சீவலைப் பார்மலினாற் பதப்படுத்தும் முறையொன்றை வெளியிட்டார்.

இம்முறையை அன்றாடப் பயனுக்குக் கொணர்ந்தவர் மின்னசோட்டா மாகாணத்து ராச்செஸ்டர் நகரில் உள்ள மேயோ மருத்துவ நிலையத்தின் லூயி வில்ஸன். நோயாளி மேசைமேல் இருக்கும்போதே புற்றா அன்றா என்று கூறத்தக்க வழி காணுமாறு வில்லியம் மேயோ அவரைக் கேட்டனர். 1905-இல் வில்ஸன் அவ்வழியைக் கண்டார். புதிய திசுத்துண்டை டெக்ஸ்டிரின் கரைசலோடு உறையவைத்துச் சீவி, மெதிலீன் நீலத்திற் சில விநாடிகள் தோய்த்து, உடனே நோக்கினார். அவ்வாண்டு டிசம்பரில் அம்முறை அமெரிக்க மருத்துவ சங்கத்தின் சஞ்சிகையில் வெளிவந்தது. 1938-இல், கோபன்ஹேகனிலுள்ள கார்ல்ஸ்பெர்க் ஆராய்ச்சிசாலையைச் சேர்ந்த லிண்டர்ஸ்ட்ராம்-லாங், மோகன்ஸன் என்னும் இருவர், சீவும் பொறி முழுவதையும் குளிரூட்டிய பெட்டியினுள் வைத்துச் சீவும் ஏற்பாட்டை விவரித்தனர். இன்று மருத்துவமனைகளிற் காணப்பெறும் கிரையோஸ்டாட் என்னும் குளிர்ப்பேழையின் மூலம் இதுவே.

இனி, இம்முறையின் உட்பொருளைக் காண்போம். மெழுகு முறையில் நீரை அகற்றி மெழுகைப் புகுத்துகின்றோம். குளிர் முறையிலோ, திசுவிலுள்ள நீரே பனிக்கட்டியாகி மெழுகின் வேலையைச் செய்கின்றது. மேலும் ஒன்று புகுத்த வேண்டாமையால் காலம் சுருங்குகின்றது. ஆயின் நீர் பனிக்கட்டியாகும்போது ஏறக்குறைய நூற்றுக்கு ஒன்பது பங்கு பருக்கின்றது, அன்றியும் படிகமாகின்றது. மெல்ல உறைந்தால் சில படிகங்களே தோன்றிப் பெரிதாக வளர்ந்து உயிரணுக்களைத் துளைத்துச் சிதைக்கும்; விரைந்து உறைந்தால் எண்ணிறந்த சிறு படிகங்கள் தோன்றும்; அவற்றாற் கேடு குறைவு. ஆதலின் 'விரைந்து உறையவை' என்பது இக்கலையின் முதல் விதி.

விரைவு வேண்டுமென்று திசுவை நேரே திரவ நைட்ரஜனில் இடுதலும் எப்பொழுதும் நன்றன்று. அத்திரவத்தின் வெப்பநிலை சுழிக்குக் கீழ் 196 டிகிரி சென்டிகிரேடு. நன்கு காய்ந்த தோசைக்கல்லில் தெளித்த நீர்த்துளி கல்லில் ஒட்டாது ஆவியின்மேல் துள்ளி ஓடுதலை நாம் கண்டிருக்கின்றோம். அதுபோலவே, நைட்ரஜனைப் பொறுத்தமட்டிற் கொதிகல்லாகவே உள்ள திசுவைச் சுற்றி ஆவிப்போர்வை ஒன்று சூழ்ந்து, குளிர் உட்புகுதலைத் தடுக்கும். எனவே ஆராய்ச்சியாளர் ஐஸோபென்டேன் என்னும் திரவத்தை நைட்ரஜனாற் குளிர்வித்து அதனுள் திசுவை அமிழ்த்துவர்.

மருத்துவமனையில் நிகழும் முறை பின்வருமாறு: அறுவை அறையிலிருந்து வரும் திசு பார்மலினில் இடப்பெறாமல் புதியதாகவே வருதல் வேண்டும். நோய்க்குறியியல் வல்லுநர் அதனைக் கண்ணால் நன்கு ஆய்ந்து, தக்க பகுதியிற் சிறு துண்டை எடுப்பார். பசைபோன்ற பொதிபொருளோடு அதனை ஓர் உலோக வில்லையின்மேல் வைத்து உறையச் செய்வர். ஏறக்குறைய சுழிக்குக் கீழ் 20 டிகிரியில் உள்ள குளிர்ப்பேழையினுள், 5 முதல் 10 மைக்ரான் பருமனிற் சீவுவர். சுருள முற்படும் சீவலைத் தூரிகையாலோ கண்ணாடித் தகட்டாலோ விரித்து, அறையின் வெப்பநிலையில் உள்ள கண்ணாடிச் சில்லினால் தொட்டவுடன், சீவல் உருகி அதன்மேல் ஒட்டிக்கொள்ளும். உடனே ஆல்கஹால் முதலியவற்றில் தோய்த்து, ஹெமடாக்ஸிலின், இயோஸின் என்னும் சாயங்களை ஏற்றுவர். திசு கையிற் கிடைத்தது முதல் ஏறக்குறைய 20 நிமிஷத்தில் விடை சென்றுசேர்தல் வேண்டுமென்பது பெரிதும் கொள்ளப்பெறும் அளவு. எல்லாத் திசுவிற்கும் ஒரே குளிர் பொருந்தாது. மூளை சற்று மிதமான குளிரிலேயே நன்கு சீவப்படும். கொழுப்போ நீர் குறைந்ததாகலின் சுழிக்குக் கீழ் 30 டிகிரியிலும் எளிதிற் பணியாது.

விரைவிற்கு விலையும் உண்டு. குளிருறைச் சீவல் மெழுகுச் சீவலைப்போலத் தெளிவானதன்று. தைராய்டு சுரப்பியின் சிலவகைக் கட்டிகளில், கட்டி தன் உறையைத் துளைத்து வெளிப்பட்டதா என்பதைப் பல இடங்களில் தேடிக் கண்டாலன்றிப் புற்றெனத் துணிதல் ஆகாது. ஒரு சிறு குளிருறைச் சீவல் அதற்குப் போதாது. ஆதலின் வல்லுநர் கூறும் விடை மூவகைப்படும்: புற்று; புற்றன்று; ஒத்திவைப்பு. மூன்றாவது விடை அறியாமையைக் காட்டுவதன்று. மெழுகுச் சீவல் வரும்வரை மீளா முடிவு செய்யற்க என்று ரண வைத்தியரை எச்சரிப்பதாகும். திசு முழுவதையும் உறையவைத்தலாகாது. ஒரு பகுதியை மெழுகு முறைக்கென விட்டுவைத்தல் வேண்டும். உறைந்த துண்டின் எச்சத்தையும் பின்னர் மெழுகிற் பொதித்துச் சீவி, முன் கூறிய விடை சரியோ என ஒப்புநோக்குவர். தன் சொல்லைத் தானே மறுநாட் சோதிக்கும் இவ்வழக்கம் எல்லாக் கலைக்கும் ஏற்றதொன்று.

அறுவை அறைக்குப் புறம்பேயும் இம்முறைக்குப் பயன் உண்டு. மெழுகு முறையில் வழங்கும் ஆல்கஹாலும் ஸைலீனும் கொழுப்பைக் கரைத்து அகற்றிவிடும். மெழுகின் சூடு பல நொதிகளின் ஆற்றலைக் கெடுக்கும். குளிருறைச் சீவலில் அவை பெரும்பாலும் நிலைத்திருக்கும். ஆகவே கொழுப்பைச் சாயத்தாற் காட்டவும், தசைநோய்களில் நொதிகளை ஆராயவும் இன்றும் இதுவே வழி.

இனிச் சொற்களுக்கு வருவோம். வெட்டுதல், நறுக்குதல், அரிதல், சீவுதல் என்பன ஒருபொருட் சொற்கள் அல்ல. விறகை வெட்டுகின்றோம், காயை நறுக்குகின்றோம், கீரையை அரிகின்றோம், பாக்கையும் பனம்பாளையையும் சீவுகின்றோம். ஒரு பொருளின் முகத்திலிருந்து மெல்லிய ஏடுகளை ஒன்றன்பின் ஒன்றாக எடுத்தலே சீவுதல். நுண்ணோக்கிக்கு வேண்டிய தகட்டை எடுக்கும் செயலும் அதுவே. ஆதலின் தகட்டிற்குச் 'சீவல்' என்பதும், மைக்ரோடோம் என்னும் பொறிக்கு 'நுண்சீவி' என்பதும் பொருந்தும். கட்டியில் கத்தி பட்ட பரப்பை 'வெட்டுமுகம்' எனலாம். மெழுகிலோ பசையிலோ அமைத்தல் 'பொதித்தல்'; நிறமூட்டல் 'சாயமேற்றல்'; படிகத்தால் விளைந்த துளைபோல, திசுவின் இயல்பன்றிச் செய்கையால் தோன்றுவது 'பொய்த்தோற்றம்'.

இடர் தருவது 'உறைதல்' என்னும் சொல். தமிழில் நெய் உறைகின்றது, தயிர் உறைகின்றது, குருதி உறைகின்றது, நீரும் உறைகின்றது. நெய்யும் நீரும் குளிரால் இறுகுவன. வெப்பம் பெற்றால் முன்போல் உருகுவன. தயிரும் குருதியும் தம் இயல்பே மாறி இறுகுவன. மீண்டும் பாலாகா, ஓடும் குருதியாகா. பார்மலினில் இட்ட திசு இறுகுதல் இரண்டாம் வகையைச் சார்ந்தது. குளிர்ப்பேழையில் இறுகுதல் முதல் வகையைச் சார்ந்தது. இவ்விரண்டையும் 'உறைந்த திசு' என்றே எழுதிவைத்தால் நேர்வது யாது? பார்மலின் தக்க காலம் ஊறினால் திசுவிலுள்ள காசநோய்க் கிருமிகளைக் கொல்லும். குளிரோ அவற்றைக் கொல்வதில்லை. உறைந்த துண்டு உருகியவுடன் கிருமிகள் முன்போலவே உயிரோடிருக்கும். சீவும்போது பறக்கும் நுண்துகள்களும், கத்தியால் நேரும் சிறு கீறலும் நோயைத் தரவல்லன. 'உறைந்தது' என்ற சொல்லைக் கண்டு, பதப்பட்டது எனக் கருதிக் கையுறையின்றித் தொடும் மாணவனை அச்சொல்லே வஞ்சித்ததாகும். எனவேதான் குளிரால் இறுகுதலைக் 'குளிருறைதல்' என்றும், பார்மலினால் இறுகுதலை 'நிலைநிறுத்தல்' என்றும் வேறு பிரித்து வழங்குதல் வேண்டும் என்கின்றோம்.

மருத்துவத்தைத் தமிழிற் கற்பிக்கும் முயற்சி நமக்குப் புதிதன்று. 1847-இல் யாழ்ப்பாணம் வந்து மானிப்பாயிற் பணிபுரிந்த அமெரிக்க மிஷன் வைத்தியர் சாமுவேல் பிஸ்க் கிறீன், தம் மாணவர்க்குத் தமிழிலேயே மருத்துவம் கற்பித்து, 1872-இல் 'மனுஷ அங்காதிபாதம்' முதலாய நூல்களை வெளிப்படுத்தினார். 1916-இல் சேலத்தில் ராஜகோபாலாசாரியார் முதலியோர் சாஸ்திரச் சொற்களை ஆக்குதற்கென்றே ஒரு சங்கம் கண்டனர். அவர்கள் ஆக்கிய சொற்கள் சில நிலைத்தன, சில மறைந்தன. சொல் மறைதலாற் குறைவில்லை. பொருள் மயங்குதலே குறைவு.

ஆகவே நமது மாணவர், ஆராய்ச்சிசாலைக் குறிப்பேட்டில் ஒரு தமிழ்ச்சொல்லை எழுதும்போது, அச்சொல் குறிக்கும் செயலைத் தம் கையாற் செய்து பார்த்து, அதனோடு மயங்கத்தக்க வேறு செயல் உண்டோ எனத் தேர்ந்து, பின்னரே எழுதுதல் வேண்டும். நாம் ஈண்டுக் கூறிய சொற்களினும் தக்கன தோன்றின், அவற்றைக் கொள்ளத் தடையில்லை. திசு வைத்த புட்டியின்மேல் ஒட்டும் சிறு சீட்டில், 'நிலைநிறுத்தியது' அல்லது 'நிலைநிறுத்தாதது' என்று மயக்கமின்றி எழுதிவைக்கும் வழக்கத்தையேனும் இவ்வாண்டு முதல் மேற்கொள்ளுமாறு வேண்டுகின்றோம்.