வில்லனாக வந்து அப்பாவான பாலையா

கேள்வி: கதாநாயகனாக இல்லாமலேயே டி.எஸ். பாலையா இவ்வளவு காலம் நிலைத்தது எப்படி? எங்கள் மூத்தவாப்பா இன்றும் அவரைப் பற்றியே பேசுகிறார்.
– வாசகி, கல்முனை

பதில்: நாடக மேடையில் பழகிய குரலும் வயதுக்கேற்ப வேடத்தை மாற்றிக்கொண்ட துணிச்சலும்தான் காரணம்.

1936இல் எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய ‘சதி லீலாவதி’யில் வில்லனாக அறிமுகமானார். எஸ்.எஸ். வாசனின் கதை அது, நாயகன் எம்.கே. ராதா தப்பியோடி வந்து கூலியாக உழைப்பது நம் இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில். எம்.ஜி.ஆருக்கும் என்.எஸ். கிருஷ்ணனுக்கும் அதுவே முதல் படக் காலம். மறு வருடமே ‘அம்பிகாபதி’யில் எம்.கே. தியாகராஜ பாகவதருக்கு எதிரியாக வாளேந்தினார்.

பலர் வில்லனாகவே முடிந்துபோனார்கள். பாலையா அப்படித் தேங்கவில்லை.

‘காதலிக்க நேரமில்லை’ (1964) படத்தில் நாகேஷ் தன் திகில் படக் கதையை அப்பாவான பாலையாவிடம் சொல்லும் காட்சியைப் பாருங்கள். பேசுவதெல்லாம் நாகேஷ். பாலையாவுக்கு வசனம் மிகக் குறைவு. கண் விரிகிறது, வாய் கோணுகிறது, உடம்பு நாற்காலியோடு ஒடுங்குகிறது. சிரிப்பு முழுவதும் அந்த முகத்திலிருந்தே பிறக்கிறது. எதிராளிக்கு இடம்விட்டு நடிக்கும் இந்தப் பெருந்தன்மை அபூர்வம். அடுத்த ஆண்டே ‘திருவிளையாடல்’ படத்தில் செருக்கு மிகுந்த ஹேமநாத பாகவதர். 1968இல் ‘தில்லானா மோகனாம்பாள்’ படத்தில் தவில் வித்வான்.

1972இல் காலமானார். மூத்தவாப்பாவோடு உட்கார்ந்து ‘காதலிக்க நேரமில்லை’யை ஒருமுறை பாருங்கள், நாகேஷை விட்டுவிட்டுப் பாலையாவை மட்டும் கவனியுங்கள்.