போர்ச் செய்தியில் யாரை நம்புவது?

கேள்வி: போர் வந்தால் ஒவ்வொரு சேனலும் ஒவ்வொன்று சொல்கிறது. யாரை நம்புவது?
– வாசகர், கம்மாபுரம்

பதில்: செய்தியாளர் அந்த இடத்துக்குப் போனாரா என்று முதலில் பாருங்கள். விடுதலைப் புலிகளுடன் போர் நடந்துகொண்டிருந்த 2008 செப்டம்பரில் இலங்கை அரசு ஐ.நா. ஊழியர்களைப் போர்ப் பகுதியான வன்னியிலிருந்து வெளியேறச் சொன்னது. ஊடகங்களும் சுதந்திரமாக உள்ளே போக முடியவில்லை. அங்கிருந்து தொலைபேசியில் பேசிய அரசு மருத்துவர்களே வெளியுலகுக்கு முக்கிய சாட்சிகள். போர் முடிந்ததும் அவர்கள் கைதானார்கள். 2009 ஜூலையில் கொழும்பில் பத்திரிகையாளர்கள் முன் நிறுத்தப்பட்டு, இறந்தவர் எண்ணிக்கையைக் கூட்டிச் சொன்னதாகக் கூறினார்கள், காவலில் இருந்தபடியே! காவலில் இருப்பவரின் மறுப்பை மறுப்பாகவே எடுத்துக்கொள்ளக் கூடாது. 2011-இல் ஐ.நா. நிபுணர் குழுவின் அறிக்கை, அந்தப் போரின் இறுதிக் கட்டத்தில் 40,000 பொதுமக்கள் வரை இறந்திருக்கலாம் என்றது. தப்பி ஓடியவர்களைப் புலிகள் சுட்டதையும் அதே அறிக்கை சொல்கிறது. நம் மேடைகளில் இந்த இரண்டாவது பகுதியை அநேகமாக விட்டுவிடுகிறோம், அதுவும் தவறுதான்.

2025 மே மாதம் இந்தியா–பாகிஸ்தான் மோதலின்போது கராச்சித் துறைமுகம் தாக்கப்பட்டதாகச் சில இந்திய சேனல்கள் இரவெல்லாம் முழங்கின. அப்படி எதுவும் நடக்கவில்லை. பார்த்தவர் யார், எங்கே, எப்போது என்று சொல்லாத போர்ச் செய்தியைத் தயவுசெய்து வாட்ஸ்அப்பில் அனுப்பாதீர்கள்.