கண்ணாடியைக் கழற்றும் லேசர்: சிகிச்சைக்கு முன்னும் பின்னும் அறியவேண்டியவை

பாடசாலையில் கரும்பலகை தெரியவில்லை என்று பத்து வயதில் மூக்குக்கண்ணாடி போட்ட பிள்ளை, இருபது வயதைத் தாண்டியதும் கேட்கும் கேள்வி ஒன்று உண்டு: “லேசர் செய்தால் இந்தக் கண்ணாடியைக் கழற்றிவிடலாமாமே?” கேட்பது பிள்ளையானாலும் பதில் தேடவேண்டியது முழுக் குடும்பமுமாகும். அயலவர் ஒருவர், பத்து நிமிடத்தில் முடிந்துவிடும், பயமே இல்லை என்பார். மற்றொருவர், கண்ணில் கை வைத்தால் கெட்டது என்பார். இரண்டுமே பாதி உண்மைகள். ஆகவே இச்சிகிச்சையில் நடப்பது என்ன, அது எதைத் தரும், எதைத் தராது என்பவற்றை இக்கட்டுரையில் ஒழுங்காகப் பார்ப்போம்.

எந்த லேசர்?

முதலில் ஒரு குழப்பத்தை நீக்கிக்கொள்ள வேண்டும். கண்ணுக்கு லேசர் என்றால் ஒரே சிகிச்சை அல்ல. நீரிழிவினால் விழித்திரையில் இரத்தக்குழாய்கள் பழுதடைந்தோருக்கு ஒரு வகை லேசர் உண்டு. கண்ணின் உள்ளமுக்கம் ஏறியோருக்கு வேறொன்று. கண்புரை எடுத்துச் சில மாதங்களோ வருடங்களோ சென்றபின், உள்ளே வைத்த வில்லைக்குப் பின்னால் படரும் மங்கலை நீக்க இன்னொன்று. தாத்தாவுக்குச் செய்த லேசரும் பேரனுக்குச் செய்யும் லேசரும் ஒன்றல்ல. நாம் இங்கு ஆராய்வது கண்ணாடியின் தேவையைக் குறைப்பதற்காகச் செய்யப்படும் சிகிச்சையை மாத்திரமே. இவற்றுள் பரவலாக அறியப்பட்டது ‘லேசிக்’ எனப்படும்.

கண்ணில் நடப்பது என்ன?

கண்ணின் கறுப்பு வட்டத்துக்கு முன்னே, கைக்கடிகாரத்தின் கண்ணாடிபோல வளைந்து நிற்கும் தெளிந்த பகுதியை விழிவெண்படலம் என்கிறோம். ஒளியைக் குவிக்கும் வேலையில் ஏறக்குறைய மூன்றில் இரண்டு பங்கை இதுவே செய்கிறது. குறும்பார்வை உள்ளவரின் கண்ணில் ஒளி விழித்திரைக்கு முன்னதாகவே குவிந்துவிடுகிறது. விழிவெண்படலத்தின் நடுப்பகுதியைச் சிறிது தட்டையாக்கினால் குவியும் இடம் பின்னே தள்ளிப்போகும். தூரத்துப் பொருள் தெளிவாகும். லேசர் செய்வது இவ்வளவே.

இந்த லேசரின் வரலாற்றில் நம்மவர் ஒருவருக்கும் பங்குண்டு. மதராஸ் பல்கலைக்கழகத்தில் இரசாயனம் பயின்று அமெரிக்கா சென்ற ரங்கசாமி சீனிவாசன், நியூயோர்க் மாநிலத்திலுள்ள ஐ.பி.எம். ஆய்வுகூடத்தில் பணியாற்றினார். அவரும் ஜேம்ஸ் வின், சாமுவேல் புளும் ஆகிய தோழர்களும் 1981-ஆம் ஆண்டில் எக்சைமர் லேசரின் புறவூதாக் கதிரை, விருந்தில் மிஞ்சிய வான்கோழித் துண்டொன்றின்மேல் செலுத்திப் பார்த்தனர். சுற்றியுள்ள தசை கருகாமல், கதிர் பட்ட இடம் மாத்திரம் நுட்பமாக நீங்கியது. 1983-இல் கண் வைத்தியர் ஸ்டீவன் ட்ரோக்கெல் சீனிவாசனுடன் சேர்ந்து இதை விழிவெண்படலத்துக்குப் பயன்படுத்தலாம் எனக் காட்டினார். அதே பத்தாண்டின் இறுதியில் மனிதக் கண்களில் இச்சிகிச்சை தொடங்கியது. கத்தியின் சூடோ கீறலோ இன்றி, ஒவ்வொரு துடிப்பிலும் ஒரு மில்லிமீற்றரின் ஆயிரத்தில் ஒரு பங்கிலும் குறைவான தடிப்பையே இக்கதிர் நீக்குகிறது.

ஆனால் நீக்கிய தசை திரும்ப வளராது. இந்த ஒரு வசனத்தை ஒவ்வொரு குடும்பமும் மனதிற் பதித்துக்கொள்ள வேண்டும். கண்ணாடி பிடிக்காவிட்டால் மாற்றலாம். இதை மாற்ற முடியாது.

பரிசோதனையே பாதிச் சிகிச்சை

நல்ல வைத்தியர் முதலிற் செய்வது அளப்பது. ஒரு மில்லிமீற்றரின் ஆயிரத்தில் ஒரு பங்கை மைக்ரோன் என்பர். விழிவெண்படலத்தின் நடுத் தடிப்புப் பெரும்பாலோருக்கு 540 மைக்ரோன் அளவில் இருக்கும். லேசிக் முறையில் மேலே எடுக்கும் ஏட்டுக்கு 110 மைக்ரோன் என்று வைத்துக்கொள்வோம். ஒவ்வொரு டயொப்டர் குறும்பார்வைக்கும் ஏறக்குறைய 15 மைக்ரோன் நீக்கவேண்டியிருக்கும். ஆறு டயொப்டர் உள்ளவருக்கு 90 மைக்ரோன் போக, அடியில் 340 மிஞ்சும். இது போதுமானது. ஆனால் 480 மைக்ரோன் தடிப்பும் ஒன்பது டயொப்டரும் உள்ளவருக்கு மிஞ்சுவது 235 மாத்திரமே. குறைந்தது 250 மைக்ரோன் மிஞ்சவேண்டும் என்பது பொதுவாக ஏற்கப்பட்ட எல்லை. அதற்குக் கீழே சென்றால் படலம் வலுவிழந்து, நாளடைவில் முன்னே பிதுங்கக்கூடும்.

தடிப்போடு வடிவமும் பார்க்கப்படும். கூம்புபோலப் பிதுங்கும் நோய் தொடங்கியிருப்பவர்களுக்கு இச்சிகிச்சை ஆகாது. பதினெட்டு வயது நிரம்பாதவர்கள், கடந்த ஒரு வருடத்துக்குள் கண்ணாடியின் அளவு மாறியவர்கள், கர்ப்பிணிகள், பாலூட்டும் தாய்மார், கட்டுப்படாத நீரிழிவு உள்ளோர், ஏற்கெனவே கண் மிகவும் வரண்டவர்கள் ஆகியோரும் பொறுத்திருக்கவோ தவிர்க்கவோ வேண்டும். மூட்டுவாதம் போன்ற நோய்கள் இருந்தாலும், முகப்பருவுக்கு மாத்திரை எடுத்தாலும் வைத்தியரிடம் மறைக்கலாகாது. தொடுவில்லை அணிவோர் பரிசோதனைக்கு முன்னரே அதை நிறுத்தவேண்டும். மென்மையான வில்லைக்கு இரண்டு கிழமைகள், கடினமானதற்கு அதிலும் கூடிய காலம் வேண்டும். இல்லையேல் வில்லை அழுத்திய வடிவத்தையே கருவி அளக்கும்.

“உங்களுக்கு இது பொருந்தாது” என்று வைத்தியர் சொன்னால், வேறிடம் தேடி அலைவதைவிட அவருக்கு நன்றி சொல்வதே புத்தி.

மேசையில் படுத்திருக்கும்போது

மயக்கமருந்து கொடுப்பதில்லை. கண்ணை மரக்கச் செய்யும் துளிகளே விடப்படும். விழித்திருப்பீர்கள், ஆனால் நோவு தெரியாது. இமைகள் மூடாதபடி சிறிய கம்பி ஒன்று பிடித்துக்கொள்ளும். ஆகவே இமைத்துவிடுவேனோ என்ற பயம் வேண்டாம்.

அடுத்து கண்ணின்மேல் ஒரு வளையம் பதியும். இப்போது அழுத்தம் தெரியும். சில விநாடிகள் பார்வை மங்கி இருண்டும் போகலாம். இது முன்னரே தெரியாதவர்கள் கலங்கிவிடுவர். அது வளையத்தின் அழுத்தத்தால் வருவது. வளையத்தை எடுத்ததும் ஒளி திரும்பும். அந்நேரத்தில் மெல்லிய ஏடு ஒன்று வெட்டப்படுகிறது. பின்னர் அந்த ஏட்டைப் புத்தகத்தின் தாளைப்போலப் புரட்டி ஒருபுறம் வைப்பர்.

பின்பு மேலே தெரியும் சிறு வெளிச்சத்தையே பார்த்துக்கொண்டிருக்கச் சொல்வர். லேசர் இயங்கும்போது டக் டக் என்ற ஓசை கேட்கும். தலைமயிர் பொசுங்குவது போன்ற மணமும் வரலாம். கண் எரிகிறது என்று எண்ணவேண்டாம், அங்கே நெருப்பில்லை. கண் சிறிது அசைந்தால் கருவி அதைப் பின்தொடரும்; அதிகம் அசைந்தால் தானே நின்றுவிடும். பெரும்பாலும் ஒரு நிமிடத்துக்குள் லேசரின் வேலை முடியும். ஏட்டை மீண்டும் மூடி வைப்பர். தையல் இல்லை, அது தானாகவே ஒட்டிக்கொள்ளும்.

படலம் மெல்லியதாக உள்ள சிலருக்கு ஏடு எடுக்காமல், மேற்றோலை மாத்திரம் நீக்கி லேசர் செய்வதுண்டு. இது ‘பி.ஆர்.கே.’ எனப்படும். இதில் முதல் இரண்டு மூன்று நாட்கள் நோவு கூடுதல். தோல் வளரும் வரை கட்டுப்போல ஒரு தொடுவில்லை கண்ணில் இருக்கும். பார்வை தெளியவும் சில கிழமைகள் செல்லும்.

முதல் நாளும் முதல் கிழமையும்

மரப்பு நீங்கியதும் சில மணித்தியாலங்களுக்கு எரிவு, கண்ணீர், மணல் விழுந்ததுபோன்ற உறுத்தல், வெளிச்சக் கூச்சம் ஆகியன இருக்கும். வீடு சென்று கண்ணை மூடி உறங்குவதே சிறந்த மருந்து. துணைக்கு ஒருவர் கட்டாயம் செல்லவேண்டும்; தானே மோட்டார் சைக்கிள் ஓட்டித் திரும்ப நினைக்கலாகாது.

கண்ணைக் கசக்கவே கூடாது. ஏடு விலகிவிடும். உறக்கத்தில் கை போகாதபடி இரவில் காப்பு மூடியைப் போட்டுக்கொள்ள வேண்டும். மறுநாளோ அதற்கடுத்த நாளோ வைத்தியரிடம் காட்டுவதைத் தவறவிடக் கூடாது. பலருக்கு அப்போதே பார்வை தெளிந்திருக்கும். அந்த மகிழ்ச்சியில் துளிகளை நிறுத்திவிடுவோர் உண்டு. நுண்ணுயிர்கொல்லித் துளியும் ஸ்ரெரொயிட் துளியும் சொன்ன நாள்வரை விடப்படவேண்டும். விடுமுன் கையைச் சவர்க்காரமிட்டுக் கழுவுங்கள். போத்தலின் நுனி கண்ணிலோ இமையிலோ படலாகாது. ஒரு துளிக்கும் அடுத்த மருந்துக்கும் இடையே ஐந்து நிமிடமாவது விடுங்கள்.

கண்ணுக்குள் தண்ணீர் போகாமல் முகத்தைத் துடைத்துக்கொள்ளலாம். கிணற்றிலோ குளத்திலோ கடலிலோ மூழ்கிக் குளிப்பதை ஒன்றிரண்டு மாதங்கள் தள்ளிவையுங்கள். கண்ணுக்கு மை தீட்டுவதை இரண்டு கிழமைகளும், பந்தடி போன்ற விளையாட்டுகளை ஒரு மாதமும் விலக்கவேண்டும். கைக்குழந்தை உள்ள வீட்டில் குழந்தையின் விரல் கண்ணிற் குத்தாமற் பார்த்துக்கொள்வது அவசியம்.

நோவு குறைவதற்குப் பதிலாகக் கூடினாலோ, தெளிந்த பார்வை மீண்டும் மங்கினாலோ, சிவப்பு மிகுந்தாலோ, ஊனம் வடிந்தாலோ அன்றைக்கே வைத்தியரிடம் செல்லுங்கள். அடுத்த தவணைத் திகதி வரட்டும் என்று காத்திருக்க வேண்டாம்.

மாதங்கள் செல்லும்போது

பார்வை நிலைபெற மூன்று முதல் ஆறு மாதங்கள் ஆகும். அதுவரை பலருக்கு இரண்டு தொல்லைகள் இருக்கும். ஒன்று கண் வரட்சி. லேசிக் ஏட்டை வெட்டும்போது நுண்ணிய நரம்புகளும் வெட்டுப்படுவதே காரணம். செயற்கைக் கண்ணீர்த் துளிகள் உதவும். மற்றது, இரவில் விளக்குகளைச் சுற்றி ஒளிவட்டம் தெரிவது.

இதுபற்றி அமெரிக்க அரசின் உணவு, மருந்து நிர்வாகம் பங்கேற்ற ஆய்வு 2017-இல் வெளியானது. சிகிச்சைக்கு முன் ஒளிவட்டம், கூச்சம் முதலிய எக்குறையும் இல்லாதிருந்தோரில் 100-க்கு 40 பேருக்கு மேல், மூன்று மாதத்தின் பின் ஏதாவதொன்றைப் புதிதாகக் கண்டதாகக் கூறினர். எனினும் அதனால் அன்றாட வேலைக்கே பெரிதும் இடர்ப்பட்டோர் 100-க்கு ஒருவரிலும் குறைவு. மிகப் பெரும்பாலோர் தங்கள் பார்வையில் திருப்தியடைந்திருந்தனர். இரவில் வாகனம் ஓட்டிப் பிழைப்பவர் இந்த இரு பக்கங்களையும் நிறுத்துப் பார்த்தே முடிவு செய்யவேண்டும்.

லேசர் மாற்றாதவை

லேசர் கண்ணாடியைக் கழற்றும். கண்ணை வேறு கண்ணாக்காது. கடுமையான குறும்பார்வை உள்ளவரின் விழி நீண்டிருக்கும். அதன் விழித்திரை மெலிந்திருக்கும். சிகிச்சைக்குப் பின்னும் அது அவ்வாறே இருக்கும். திடீரென மின்னல் போன்ற ஒளியோ, கரும்புள்ளிக் கூட்டமோ, திரை விழுந்ததுபோன்ற நிழலோ தோன்றினால், “எனக்கு இப்போது கண்ணாடியே இல்லையே” என்று அலட்சியம் செய்யலாகாது. அது விழித்திரை விலகுவதன் அறிகுறியாக இருக்கலாம்.

நாற்பதைக் கடந்தோருக்கு வரும் வெள்ளெழுத்தையும் இது தடுக்காது. குறும்பார்வை உள்ள பலர் கண்ணாடியைக் கழற்றிவிட்டுப் புத்தகம் வாசிப்பர். தூரப்பார்வையை முற்றாகத் திருத்தியபின் அந்த வசதி போய்விடும்; வாசிக்கக் கண்ணாடி தேடவேண்டிவரும்.

இன்னொன்றையும் பலர் அறியார். முதுமையில் கண்புரை எடுக்கும்போது, உள்ளே வைக்கும் வில்லையின் அளவைக் கணிப்பது இவர்களுக்குக் கடினமாகும். படலம் மெலிந்தமையால் கண்ணின் அமுக்கமும் உண்மையிலும் குறைவாகவே அளவிற் காட்டும். ஆகவே சிகிச்சைக்கு முந்திய அளவுகள் எழுதிய தாளைக் கேட்டு வாங்கி, பிறப்புச் சாட்சிப் பத்திரத்தோடு சேர்த்துப் பத்திரப்படுத்துங்கள். முப்பது வருடங்களின் பின் அது தேவைப்படும்.

பெற்றோருக்கு ஒரு சொல்

நம் வீடுகளில் இச்சிகிச்சையைப் பிள்ளை கேட்பதுமுண்டு. பிள்ளைக்காகப் பிறர் கேட்பதுமுண்டு. “கண்ணாடி போட்ட பெண் வேண்டாமாம்” என்று தரகர் சொன்ன ஒரு சொல்லுக்காக, மகளை மேசைக்கு அனுப்பும் தாய் தந்தையர் இல்லாமல் இல்லை. அளவுகள் பொருந்தி, வரக்கூடிய குறைகளையும் அறிந்து, அவளே விரும்பினால் தடுக்க வேண்டியதில்லை. ஆனால் விருப்பம் அவளுடையதாக இருக்கவேண்டும்; ஏனெனில் எரிவதும் வரள்வதும் அவளுடைய கண். கலியாணத் திகதிக்கு முன் முடிக்கவேண்டும் என்ற அவசரமும் ஆகாது.

வைத்தியரிடம் செல்லுமுன் நான்கு கேள்விகளை எழுதிக்கொண்டு செல்லுங்கள். என் படலத்தின் தடிப்பு எவ்வளவு, சிகிச்சையின் பின் மிஞ்சுவது எவ்வளவு? எந்த முறை எனக்குப் பொருந்தும், ஏன்? என் விழித்திரை நன்றாக இருக்கிறதா? நான் இதைச் செய்யாமல் விட்டால் என்ன நட்டம்? கடைசிக் கேள்விக்கு நேர்மையான வைத்தியர் சொல்லும் பதில், “கண்ணாடியைத் தொடர்ந்து போடலாம், வேறு நட்டமில்லை” என்பதாகவே பெரும்பாலும் இருக்கும். அதைக் கேட்ட பின்பும் விருப்பம் மாறாதவர், அமைதியான மனதோடு மேசையிற் படுக்கலாம்.