கல்லில் ஒட்டாத வஞ்சிரம்

மீன் வறுவல் மொறுமொறுப்பாக வரவில்லை என்றால் நாம் முதலில் மாற்றிப் பார்ப்பது மசாலாவைத்தான். வேறு மிளகாய்த்தூள், கடையில் விற்கும் மீன் வறுவல் பொடி, ஒரு முட்டை, அதுவும் போதாமல் இரண்டு கரண்டி சோள மாவு. சென்னை தி.நகரில் ஒற்றை அறை வீட்டில் குடியிருந்தபோது நானும் இதையெல்லாம் செய்தேன். தோல் கல்லிலும் சதை கரண்டியிலுமாக வஞ்சிரம் பிய்ந்து பிய்ந்து வந்தது. ஒருநாள் நொச்சிக்குப்பத்தில் வழக்கமாக மீன் வாங்கும் அக்காவிடம் கேட்டேன். "மசாலால இன்னாமா இருக்குது? தண்ணிய வெச்சிக்கினே கல்லுல போட்டா அது வேகும், வறுபடாது" என்றார்.

மீன் வறுவலின் சூட்சுமம் முழுக்க அந்த ஒரு வாக்கியத்தில் இருக்கிறது. தண்ணீர் 100 டிகிரிக்கு மேல் சூடாகாமல் ஆவியாகிவிடும். மீனின் மேல் ஈரம் இருக்கும்வரை அந்த இடம் அந்தச் சூட்டைத் தாண்டவே தாண்டாது. ஈரம் போன பிறகுதான் மேற்பரப்பு 140, 150 டிகிரிக்கு ஏறும். சிவப்பதும் மணப்பதும் பொருக்குக் கட்டுவதும் அப்போதுதான். அதனால் கீழே சொல்லப்போகும் ஒவ்வொரு படியிலும் ஒரே கேள்வியைக் கேட்டுக்கொள்ளுங்கள்: இப்போது ஈரம் எங்கே இருக்கிறது?

மீன் வாங்குவது

மயிலாப்பூர், மந்தைவெளிக்காரர்களுக்குக் கடற்கரையை ஒட்டிய லூப் ரோடு இருக்கிறது. கபாலி கோயில் பக்கமிருந்து நடந்தே போய்விடலாம். ஃபைபர் படகில் போனவர்கள் பெரும்பாலும் அன்றைக்கே கரை திரும்புகிறார்கள். மீன் ஐஸில் நாள் கணக்காகக் கிடப்பதில்லை. சாலையோரத்தில் வரிசையாக உட்கார்ந்து பெண்கள் விற்றுவந்த அந்தக் கடைகளை, 2023 ஏப்ரலில் நீதிமன்ற உத்தரவையொட்டி அகற்றத் தொடங்கியபோது மீனவர்கள் தெருவில் இறங்கிப் போராடினார்கள். 2024 ஆகஸ்டில் அங்கேயே மாநகராட்சியின் மீன் அங்காடி திறக்கப்பட்டது. ஒரு பெருநகரத்தின் நடுவில், அலை அடிக்கும் தூரத்தில், பிடித்தவர் வீட்டுப் பெண்ணே விற்கும் மீன் கிடைப்பது சாதாரணக் கொடுப்பினை இல்லை. அங்கே போய் வாங்குவதுதான் அதைக் காப்பாற்றும் வழி என்று நான் நம்புகிறேன். அடையாறுக்காரர்களுக்கு ஊரூர் ஆல்காட் குப்பம் இருக்கிறது, தி.நகருக்கு சைதாப்பேட்டை மார்க்கெட் பக்கம்.

செவுளைத் தூக்கிப் பாருங்கள், ரத்தச் சிவப்பாக இருக்க வேண்டும். கண் மேடாக, தெளிவாக இருக்க வேண்டும். விரலால் அழுத்தினால் குழி விழுந்து அப்படியே நிற்கக் கூடாது. இதெல்லாம் ருசிக்காக மட்டும் சொல்லவில்லை. பழைய மீனின் சதை தளர்ந்து தண்ணீர் விட்டுக்கொண்டே இருக்கும். அதைக் கல்லில் மொறுமொறுப்பாக்க யாராலும் முடியாது. கானாங்கெளுத்தி, சூரை வாங்கும்போது இன்னும் கவனம் வேண்டும். இவை வெயிலில் கிடந்தால் சதையில் ஹிஸ்டமின் சேர்ந்துவிடும். எவ்வளவு நேரம் வறுத்தாலும் அது அழியாது, சாப்பிட்ட கொஞ்ச நேரத்தில் முகம் சிவந்து உடம்பெல்லாம் தடிக்கும்.

ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் நம் கிழக்குக் கடலில் விசைப்படகுகளுக்குத் தடை. அந்த நாட்களில் பெரிய வஞ்சிரம் பெரும்பாலும் மேற்குக் கரையிலிருந்து ஐஸ் பெட்டியில் வரும், விலையும் எகிறும். அப்போது நான் வஞ்சிரத்தை விட்டுவிட்டு, தடை இல்லாத ஃபைபர் படகுகள் கொண்டுவரும் சங்கரா, கிழங்கா, நெத்திலி, காரப்பொடி என்று எது கிடைக்கிறதோ அதை வாங்குவேன். சின்ன மீன் வஞ்சிரத்தைவிட நன்றாகவே மொறுமொறுக்கும். புரட்டாசியில் பாதி ஊர் மீனைத் தொடாது. சாப்பிடும் வீடுகளுக்கு விலை இறங்கும் மாதம் அதுதான்.

"வறுவலா, கொழம்பா?" என்று அவர்களே கேட்பார்கள். வறுவல் என்று சொல்லி, வஞ்சிரமானால் துண்டு அரை அங்குலத்துக்கு மேல் போகாமல் வெட்டச் சொல்லுங்கள். தடிமனான துண்டில் உள்ளே வேகும் முன் வெளியே கருகிவிடும். நடுத்துண்டு பார்க்க அழகு, ஆனால் வால் பக்கத்துத் துண்டுதான் முறுகலாக வரும்; என் தட்டுக்கு நான் அதைத்தான் எடுத்துவைப்பேன். சங்கராவும் கிழங்காவும் முழுசாக இருக்கட்டும். செதில் எடுத்து, குடலை அகற்றி, இரண்டு பக்கமும் முள்ளைத் தொடும் அளவுக்கு மூன்று கீறல் போட்டால் போதும்.

ஈரத்தை எடுப்பது

பெரும்பாலான செய்முறைகள் ஓடிக் கடந்துவிடும் இடம் இது. நான் அதிக நேரம் செலவிடுவதும் இங்கேதான்.

அரை கிலோ மீனைக் கல் உப்பும் மஞ்சளும் போட்டு இரண்டு முறை அலசுங்கள். நடுமுள் ஓரம் கருப்பாக ரத்தக்கட்டி ஒட்டியிருக்கும்; அதை விரல் நுனியால் வழித்தெடுங்கள், கவுச்சியில் பெரும்பகுதி அதோடு போய்விடும். பிறகு துண்டுகளைச் சல்லடைத் தட்டில் பரப்பி, ஒரு தேக்கரண்டி தூள் உப்பும் கால் தேக்கரண்டி மஞ்சளும் தடவி 15 நிமிடம் விடுங்கள். உப்பு மீனிலிருந்து தண்ணீரை இழுத்து வெளியே கொண்டுவரும். கீழே சொட்டி நிற்கும் அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட்டு, மீனைத் திரும்பக் கழுவாமல், சுத்தமான பருத்தித் துணியில் ஒவ்வொரு துண்டாக ஒற்றி எடுங்கள். தொட்டால் கையில் ஈரம் ஒட்டாத அளவுக்குக் காய்ந்திருக்க வேண்டும். மசாலா தடவிய பிறகு தட்டில் தண்ணீர் தேங்கினால், இந்தப் படியில் அவசரப்பட்டிருக்கிறீர்கள் என்று அர்த்தம்.

ஃப்ரீசரில் இருந்த மீனானால் முதல் நாள் இரவே கீழ்த்தட்டுக்கு மாற்றி மெல்ல உருக விடுங்கள். வெந்நீரில் போட்டு உருக்கினால் சதை உதிரும்.

மசாலா

அரை கிலோவுக்கு: காஷ்மீரி மிளகாய்த்தூள் ஒன்றரை தேக்கரண்டி, காரமான மிளகாய்த்தூள் ஒரு தேக்கரண்டி, மிளகும் சோம்பும் சமமாகச் சேர்த்துப் பொடித்தது ஒரு தேக்கரண்டி, இஞ்சி பூண்டு விழுது ஒன்றரை தேக்கரண்டி, அரை மூடி எலுமிச்சைச் சாறு, அரிசி மாவு ஒரு மேசைக்கரண்டி, எண்ணெய் ஒரு தேக்கரண்டி. உப்பு ஏற்கெனவே மீனில் ஏறியிருக்கிறது, ஒரு சிட்டிகை போதும். இஞ்சி பூண்டைத் தண்ணீர் விடாமல் அம்மியிலோ சின்ன உரலிலோ நசுக்குங்கள். மிக்ஸியில் அரைத்தால் தண்ணீர் சேர்க்காமல் முடியாது, அந்தத் தண்ணீர் நேராகக் கல்லுக்கு வந்து சேரும். விழுது கரண்டியிலிருந்து வழியாமல் நிற்க வேண்டும். தோசை மாவுபோல் ஓடினால் இன்னும் கொஞ்சம் அரிசி மாவு.

எலுமிச்சைக்குப் பதில் கெட்டிப் புளிக்கரைசல் விடுபவர்கள் உண்டு. அதன் ருசி ஆழமானது, ஆனால் சீக்கிரம் கருகும். தீயைக் கட்டுப்படுத்தத் தெரிந்த பிறகு அந்தப் பக்கம் போங்கள்.

நிறத்துக்காகக் கலர் பொடி வேண்டவே வேண்டாம். கடற்கரைக் கடைகளில் பார்க்கும் அந்தச் செக்கச்சிவப்பு மிளகாயால் வருவதில்லை. 2024 ஜூனில் கர்நாடகம் மீன், கோழி கபாப்களில் செயற்கை நிறத்தைத் தடை செய்ததற்குக் காரணம் இருக்கிறது. காஷ்மீரி மிளகாய் தரும் நிறமே கண்ணுக்குப் போதும்.

தடவிய மீனை அரை மணி நேரம் ஊறவிடுங்கள். இரண்டு மணி நேரத்துக்கு மேல் வேண்டாம். எலுமிச்சைப் புளிப்பில் சதை வெளிறிப் பொடியத் தொடங்கும். சென்னை வெயிலுக்கு ஃப்ரிட்ஜில் வைப்பதே நல்லது. வறுக்கக் கால் மணி நேரம் முன் வெளியே எடுத்துவிடுங்கள். சில்லென்ற மீன் கல்லின் சூட்டை அப்படியே இறக்கிவிடும்.

கல்லில் போடுவதற்குச் சற்று முன், ஒரு தட்டில் உலர்ந்த அரிசி மாவைப் பரப்பி, துண்டின் இரு பக்கத்தையும் லேசாக ஒற்றி, அதிகப்படி மாவைத் தட்டிவிடுங்கள். மேலே மிச்சமிருக்கும் கடைசி ஈரத்தை இந்த மெல்லிய பூச்சு உறிஞ்சிக்கொள்ளும். அமெரிக்காவின் தென்மாநிலங்களில் கெளுத்தியை மோரில் ஊறவைத்து மக்காச்சோள மாவில் புரட்டிப் பொரிப்பார்கள். அங்கே மக்காச்சோளம் செய்யும் வேலையை இங்கே அரிசி செய்கிறது. மைதா வேண்டாம். இறக்கிய பத்து நிமிடத்தில் அது தொய்ந்துவிடும்.

கல்லில்

மீனுக்கென்று ஓர் இரும்புத் தோசைக்கல் ஒதுக்கிவிடுங்கள். இரும்பு சூட்டைப் பிடித்து வைத்துக்கொள்ளும். பழகப் பழக எண்ணெய் அதன்மேல் மெல்லிய படலமாகப் படிந்து ஒட்டாமல் காக்கும். கல்லை முதலில் வெறுமையாக மூன்று நிமிடம் காயவிட்டு, பிறகு மூன்று மேசைக்கரண்டி கடலெண்ணெய் ஊற்றுங்கள். ஒரு கறிவேப்பிலை இலையைப் போட்டதும் சடசடவென்று பொரிந்தால் சூடு சரி. இலை சும்மா கிடந்தால் காத்திருங்கள். எண்ணெய் புகைந்தால் அடுப்பைக் குறைத்து ஒரு நிமிடம் விடுங்கள்.

ஒரு நேரத்தில் மூன்று துண்டு, துண்டுக்குத் துண்டு இரண்டு விரல் இடைவெளி. வீட்டில் பசியோடு காத்திருக்கிறார்களே என்று ஆறையும் ஒன்றாக அடுக்கினால், எல்லாத் துண்டும் சேர்ந்து விடும் ஆவியில் மீன் அவிந்துவிடும். மூடி போடவே கூடாது. தீ மிதமாக இருக்கட்டும்.

அடுத்த நான்கு நிமிடத்துக்குக் கரண்டியைத் தூர வைத்துவிடுங்கள். மீனைத் தொடாமல் இருப்பதுதான் இந்தச் சமையலில் கஷ்டமான வேலை. போட்ட உடனே மீன் கல்லில் ஒட்டத்தான் செய்யும். பொருக்குக் கட்டியதும் தானாகவே விட்டுவிடும். ஓரத்தில் தட்டைக் கரண்டியை நுழைத்துப் பாருங்கள். வழுக்கிக்கொண்டு நகர்ந்தால் திருப்பலாம், பிடித்து இழுத்தால் இன்னும் ஒரு நிமிடம். நான் முன்பெல்லாம் அவசரப்பட்டுத் திருப்பித்தான் அத்தனை துண்டையும் பிய்த்தேன். காதையும் கொடுங்கள்: ஈரம் இருக்கும்வரை சத்தம் பெரிதாக இருக்கும், போகப் போகத் தணிந்து சின்னச் சிடுசிடுப்பாகிவிடும். திருப்பிப்போட்டு மூன்று நிமிடம், கடைசி அரை நிமிடம் ஒரு கொத்துக் கறிவேப்பிலை, அவ்வளவுதான். நடுமுள் ஓரத்தில் சதை வெள்ளையாகப் பிரிந்தால் வெந்துவிட்டது.

நெத்திலிக்கு மட்டும் கல் சரிப்படாது. தலை கிள்ளி, அலசி, துணியில் பரப்பிக் காயவைத்து, அதே மசாலாவை எலுமிச்சை குறைத்து, அரிசி மாவு கூட்டிப் பிசறி, வாணலியில் எண்ணெய் நிறைய ஊற்றி ஒரு கைப்பிடி ஒரு கைப்பிடியாகப் பொரியுங்கள். குமிழி அடங்கியதும் எடுத்துவிடலாம்.

எடுத்த மீனைக் கம்பித் தட்டில் வையுங்கள், அடியிலும் காற்று போகட்டும். செய்தித்தாளில் போடும் பழக்கத்தை விடச் சொல்லி உணவுப் பாதுகாப்பு ஆணையம் 2016-லேயே எச்சரித்தது. அச்சு மை உணவில் ஏறும். ஒன்றின்மேல் ஒன்றாக அடுக்கினால், மூடிவைத்தால், இவ்வளவு நேரம் விரட்டிய ஈரம் திரும்ப வந்துவிடும். வறுத்த எண்ணெயை மறுநாளுக்கு எடுத்து வைக்காதீர்கள். மசாலாத் துகள் அடியில் கருகிக் கசந்திருக்கும்.

மத்தியானச் சாப்பாட்டுக்கு மிளகு ரசம், வட்டமாக நறுக்கிய வெங்காயம், ஒரு துண்டு எலுமிச்சை. எலுமிச்சையை மீனின் மேல் பிழிந்து வைத்துவிடாமல், சாப்பிடுபவர் கையில் கொடுத்துவிடுங்கள். எல்லாரும் சாப்பிட்டு எழுந்த பிறகு கல்லைக் கழுவப் போடாதீர்கள். ஓரங்களில் முறுகிய மசாலாவும் கறிவேப்பிலையும் ஒரு கரண்டி எண்ணெயும் அதில் மிச்சம் இருக்கும், அடுப்பை மெலிதாக வைத்து, அதன்மேல் இரண்டு கைப்பிடி சோற்றைப் போட்டு, அடியைச் சுரண்டிச் சுரண்டிப் புரட்டுங்கள். கல்லிலிருந்தே எடுத்துச் சூடாகச் சாப்பிட வேண்டியது அது.