அப்புவின் சுருட்டு ஏன் அணைகிறது?

கேள்வி: எங்கள் அப்பு சுருட்டுப் பத்துகிறவர். கதைத்துக்கொண்டு கீழே வைத்தால் அணைந்துவிடும். திரும்ப நெருப்புப்பெட்டி தேடுவார். பீடியும் அப்படித்தான். சிகரட் மட்டும் வைத்த இடத்திலேயே கடைசிவரை எரிகிறது. கடதாசியில் மருந்து ஏதும் பூசுகிறார்களா? 19 வயதுத் தம்பி சுருட்டும் தாளை வாங்கிவந்து, "இது அரிசிக் கடதாசி, கெடுதி இல்லை" என்கிறான். உண்மையா?
— ஒரு வாசகி, புன்னாலைக்கட்டுவன்

பதில்: பூசுகிறார்கள். சிகரட் கடதாசி மரக்கூழாலும் ஆளிச்செடி நாராலும் ஆனது. சிலவற்றில் கஞ்சாச் செடித் தண்டின் நாரும் சேரும். எதுவானாலும் அடிப்படை செலுலோசுதான். வெறும் செலுலோசுத் தாள் சீராகத் தணலாது. ஆகவே கூழோடு கல்சியம் காபனேற்றுத் தூளைக் கலப்பார்கள். நம் சுண்ணக்கல்லும் அதே பொருள்தான். தாளின் வெண்மையும் சாம்பலின் வெண்மையும் அதனால் வருபவை. நார்களுக்கிடையே நுண்துளைகளைத் திறந்து காற்றையும் உள்ளே விடுகிறது. இதற்கு மேல் பொற்றாசியம் அல்லது சோடியம் சித்திரேற்று சிறிதளவு. தணல் குறைந்த வெப்பத்திலும் ஒட்சிசனோடு சேர அந்த உப்பு உதவுவதால், இழுக்காமல் விட்டாலும் சிகரட் எரிந்துகொண்டே போகிறது. கையால் சுருட்டும் தாள்கள் பலவற்றில் இந்த உப்பு குறைவு, அவை அணைந்துவிடும்.

இப்படி எரியும் சிகரட் மெத்தையில் விழுந்து வீடுகளே எரிந்திருக்கின்றன. 2004இல் நியூயோர்க் மாநிலமும் 2011இல் ஐரோப்பிய ஒன்றியமும் இதற்கு விதி கொண்டுவந்தன. அதன்பின் அங்கு விற்கும் சிகரட்டுகளின் கடதாசியில் காற்றுப் புகாத மெல்லிய வளையங்களை இடையிடையே வைக்கிறார்கள். இழுக்காவிட்டால் தணல் அந்த வளையத்தில் வந்து நின்றுவிடும்.

பீடி இந்தியக் காடுகளின் தெண்டு இலையில் சுற்றப்படுகிறது. அந்த இலைக்குள் காற்று எளிதில் புகாது. அணையாமல் வைத்திருக்க அடிக்கடி இழுக்கவேண்டும். இழுக்க இழுக்க காபனோரொட்சைட்டும் கூடுதலாக உள்ளே போகிறது.

உங்கள் அப்புவின் சுருட்டுக்கு வருவோம். அதில் கடதாசியே இல்லை. மேலே சுற்றியிருப்பதும் புகையிலைதான். எரியவைக்கும் உப்பை யாரும் பூசுவதில்லை, செடியே மண்ணிலிருந்து எடுத்துவரவேண்டும். 1860ஐ ஒட்டிய ஆண்டுகளில் பிரெஞ்சு இரசாயனவியலாளர் ஷ்லோசிங் இதை ஆராய்ந்தார். சேதன அமிலங்களோடு சேர்ந்த பொற்றாசியம் இலையில் நிறைய இருந்தால் நன்றாகத் தணலும் என்று கண்டார். குளோரைட்டு கூடினால் இதற்கு நேர்மாறு: இலை ஈரத்தை இழுத்துப் பிடிக்கும், ஓரம் கருகும், தணல் பரவாது.

யாழ்ப்பாணத்தில் இது கிணற்றுப் பிரச்சினை. சுண்ணக்கல்லுக்குள் நன்னீர் கடல்நீரின் மேல் மிதந்து நிற்கிறது. மோட்டர் போட்டு அளவுக்கு மிஞ்சி இறைத்தால் கீழுள்ள உவர் மேலே ஏறும். அந்தத் தண்ணீரைக் குடித்த புகையிலை குளோரைட்டை இலையில் சேர்த்துவைக்கும். பசளையிலும் இதே கவனம் வேண்டும். பொற்றாசியம் குளோரைட்டு மலிவுதான், ஆனால் சுருட்டு இலைக்கு ஆகாது. பொற்றாசியம் சல்பேற்றே ஏற்றது. முன்பு திருவிதாங்கூருக்கு இங்கிருந்து போனது மெல்லும் புகையிலை, அது எரியவேண்டிய தேவை இல்லை. சுருட்டுக்கு அப்படியல்ல.

சோதிப்பது எளிது. காய்ந்த இலையொன்றில் தணலை வைத்துவிட்டு ஊதாமல் பாருங்கள். வெள்ளைச் சாம்பல் விட்டபடி தணல் வட்டமாகப் பரவினால் நல்ல இலை. கறுத்து உடனே அணைந்தால் தோட்டத்துக் கிணற்று நீரைப் பரிசோதிக்கக் கொடுங்கள். கோடா என்னும் பதப்படுத்தும் சாற்றில் ஊறிய சுருட்டு சரியாகக் காயாவிட்டாலும் அணையும் என்பதையும் மறக்கவேண்டாம்.

தம்பி சொல்வது பிழை. அரிசிக் கடதாசி என்று விற்பவற்றில் பெரும்பாலும் அரிசியே இருப்பதில்லை. இருந்தாலும் பயனில்லை: ஒரு சிகரட்டின் நிறையில் கடதாசி சிறு பங்கு. நிக்கொட்டினும் தாரும் புகையிலையிலிருந்து வருகின்றன, எந்த இலை தணலானாலும் காபனோரொட்சைட்டு வரும். எதைக்கொண்டு சுற்றினாலும் நுரையீரலுக்கு அது புகைதான். இலங்கையின் 2006ஆம் ஆண்டு 27ஆம் இலக்கச் சட்டப்படி 21 வயதுக்குட்பட்டவருக்குப் புகையிலைப் பொருள் விற்பது குற்றம். இதைக் கடைக்காரருக்கும் சொல்லுங்கள். தம்பியை இப்போதே நிறுத்தவையுங்கள்.