பாப் மார்லியைப் போனில் கேட்டால் பாதிதான்

கேள்வி: பாப் மார்லியும் வெய்லர்ஸும் 1973-இல் வெளியிட்ட ‘கேட்ச் எ ஃபயர்’ ஆல்பத்தை நண்பர்கள் தலையில் தூக்கி வைத்துக் கொண்டாடுகிறார்கள். நானும் போனில் போட்டுக் கேட்டேன். ‘சக்... சக்’ என்று ஒரே மாதிரி போகிறது. ஹை-ரெசல்யூஷன் ஃபைல் வாங்கினால் வித்தியாசம் தெரியுமா?

பதில்: குறை உங்கள் காதில் இல்லை, போன் ஸ்பீக்கரில் இருக்கிறது. அந்த ‘சக்... சக்’ கிதாரின் வேலை. ரெக்கேயில் பாட்டை நடத்திச் செல்வது பேஸ் கிதார். அதன் தடித்த தந்தி ஏறத்தாழ 41 ஹெர்ட்ஸில் அதிரும். போனின் குட்டி ஸ்பீக்கர் அந்த ஆழத்தை எட்டாது.

பேஸ் ஆஸ்டன் பேரட், டிரம்ஸ் அவர் தம்பி கார்ல்டன். கார்ல்டனின் கை ‘ஒன் டிராப்’ தாளத்துக்குப் பேர்போனது: நான்கு எண்ணிக்கையில் முதலாவதைச் சும்மா விட்டுவிட்டு, மூன்றாவதில் கனமாக இறக்குவார். அப்படி விட்ட இடத்தில் பேஸ் நடமாடும். பேஸ் கேட்காவிட்டால் அந்த இடம் வெறும் ஓட்டைதான்.

1972-இல் ஜமைக்காவின் கிங்ஸ்டனில் பதிவான நாடாக்களை லண்டனுக்குக் கொண்டுபோனார்கள். ராக் ரசிகர்களையும் இழுக்க நினைத்த ஐலண்ட் ரெக்கார்ட்ஸ் நிறுவனர் கிறிஸ் பிளாக்வெல், அமெரிக்கரான வெய்ன் பெர்கின்ஸின் லீட் கிதாரையும் ஜான் பண்ட்ரிக்கின் கீபோர்டையும் மேலே சேர்த்தார். ‘காங்க்ரீட் ஜங்கிள்’ பாட்டில் அழுதுகொண்டே ஏறும் கிதார் பெர்கின்ஸுடையது. 2001-இல் வந்த இரட்டை சிடி பதிப்பில், இந்தச் சேர்க்கைகள் இல்லாத ஜமைக்கா வடிவமும் உண்டு. இரண்டையும் அடுத்தடுத்துக் கேளுங்கள். பூச்சில்லாத வடிவத்திலும் பாட்டு அசையாமல் நிற்கும். ஐம்பது ஆண்டு தாண்டியும் இந்த ஆல்பம் பழசாகாததன் காரணம் அங்கே புரியும்.

இனி உங்கள் ஃபைல் கேள்விக்கு வருவோம். 16 பிட், 44.1 கிலோஹெர்ட்ஸ் சிடி தரமே மனிதக் காது கேட்கும் 20 கிலோஹெர்ட்ஸ் எல்லையைத் தாண்டிப் பதிகிறது. பழைய நாடாவின் இரைச்சலைக்கூட விடாமல் பிடித்துவிடும். 24 பிட் ஃபைல் சில சமயம் நன்றாக ஒலிப்பது பெரும்பாலும் மாஸ்டரிங் செய்தவரின் கைவண்ணத்தால்தான், எண்ணால் அல்ல.

அதனால் ஃபைலுக்கு வைத்திருக்கும் காசில் நல்ல ஹெட்போன் வாங்குங்கள். ‘ஸ்டிர் இட் அப்’ பாட்டைப் போட்டு, பேஸை மட்டும் பின்தொடருங்கள். அதற்கப்புறமும் ஒரே மாதிரிதான் போகிறது என்று தோன்றினால், ரெக்கே உங்களுக்கானதல்ல. ஃபைலை மாற்றிப் பயனில்லை.