வண்டி பிடிபட்டால் தாலுகா ஆபீஸ் வாசலில் நிற்காதீர்கள்

என் டிப்பரில் இருந்தது ஆற்று மணல் இல்லை, எம்-சாண்ட். கிரஷரில் கொடுத்த நடைச்சீட்டும் டிரைவர் கையில் இருந்தது. வழியில் டயர் வெடித்து, மாற்றிக் கிளம்புவதற்குள் சீட்டில் போட்டிருந்த நேரம் முடிந்துவிட்டது. வாலாஜாபேட்டைக்கு வெளியே நெடுஞ்சாலையில் மடக்கினார்கள். இரவோடு இரவாக எஃப்.ஐ.ஆர்., வண்டி ஸ்டேஷன் வளாகத்தில்.

பாலாற்றைச் சுரண்டியதில் கிணறுகள் வற்றியதைப் பார்த்து வளர்ந்தவன் நான். மணல் திருடுகிறவனைப் பிடிக்கட்டும். சீட்டோடு ஓட்டுகிறவனையும் அதே கணக்கில் சேர்த்தால் என்ன நியாயம்?

விடிந்ததும் ஒருவர் வீடு தேடி வந்தார். “ஃபைன் கட்டிட்டா சாயங்காலமே சாவி உங்க கையில” என்றார். இந்தப் பக்கம் லாரி வைத்திருக்கும் எல்லோருக்கும் இப்படி ஒருவரைத் தெரியும். முன்பணம் வாங்கிக்கொண்டு தாலுகா ஆபீஸுக்கும் ஆர்.டி.ஓ. ஆபீஸுக்கும் அலையவிட்டார். அப்புறம் அவரே கூட்டிவந்த வக்கீல் மாஜிஸ்திரேட் கோர்ட்டில் போட்ட மனு திரும்பி வந்தது. அவர் அடுத்த வண்டிக்காரரைத் தேடிப் போய்விட்டார். ஓடாத வண்டிக்குத் தவணை கட்டியது நான்.

அபராதம் கட்டி வண்டியை ஓட்டிப்போன காலம் முடிந்துவிட்டது. மணல் கடத்தலில் பிடிபடும் வண்டிகளைச் சும்மா விடுவிக்கக் கூடாது, பறிமுதல் நடவடிக்கை எடுக்க வேண்டும் என்று உயர் நீதிமன்ற மதுரைக் கிளை 2018 அக்டோபர் 29 அன்று உத்தரவிட்டது. 1957-ஆம் ஆண்டு கனிமச் சட்டம் 21(4ஏ) பிரிவுப்படி பறிமுதல் செய்யும் அதிகாரமே கோர்ட்டுக்குத்தான். 23ஏ பிரிவில் சமாதானமாக முடித்துக்கொள்ள வழி உண்டு. அதையும் எழுத்து மூலமாக அதிகாரியிடம் கேளுங்கள், தரகரிடம் அல்ல. உங்கள் மாவட்டத்தில் கனிம வழக்குக்குச் சிறப்பு நீதிமன்றமாக அறிவித்திருப்பது எந்தக் கோர்ட் என்று விசாரித்து, இடைக்கால ஒப்படைப்பு மனுவை நேராக அங்கே போடுங்கள். இதைச் சொல்ல எனக்கு ஒரு நல்ல வக்கீல் கிடைத்தபோது பாதி நஷ்டம் ஏற்கெனவே ஆகிவிட்டது.

மனுவில் புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பி.என்.எஸ்.எஸ்.-இன் 497, 503 பிரிவுகள் வரட்டும். பிடித்த வண்டிகளை ஸ்டேஷனில் பதினைந்து நாள் முதல் ஒரு மாதத்துக்கு மேல் போட்டுவைக்கக் கூடாது என்று 2002-இல் சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதையும் சேர்க்கச் சொல்லுங்கள். ஆர்.சி., இன்சூரன்ஸ், எஃப்.சி., பர்மிட், நடைச்சீட்டு நகல் எல்லாம் வழக்கம்போல. நம் வண்டிகள் பைனான்ஸில்தானே ஓடுகின்றன, அந்தக் கம்பெனிக்கும் ஒரு வார்த்தை சொல்லிவிடுங்கள். டெபாசிட், ஜாமீன்தார், விற்கக் கூடாது, கூப்பிட்டபோது கொண்டுவர வேண்டும் என்று நிபந்தனை போடுவார்கள், மறுபேச்சில்லாமல் ஒத்துக்கொள்ளுங்கள்.

பிடித்த அன்றே வண்டியைச் சுற்றிப் போட்டோ எடுங்கள். டயர் நம்பர், பேட்டரி நம்பர், கிலோமீட்டர் மீட்டர், ஸ்டெப்னி எல்லாம் அதில் தெரிய வேண்டும். நான் எடுக்கப் போனபோது பேட்டரி இருந்த இடத்தில் இரண்டு ஒயர் தொங்கியது. பின் டயர்கள் மண்ணில் புதைந்து, சக்கரத்தின் மேல் கோவைக்கொடி ஏறியிருந்தது. பேட்டரி எங்கே என்றால் “வரும்போதே இல்லையே” என்றார்கள். என்னிடம் போட்டோ இருந்ததால் அந்தப் பேச்சு அதோடு நின்றது.

உங்கள் வண்டி இப்போது ஏதாவது ஸ்டேஷன் வளாகத்தில் நிற்கிறதா? யார் வந்து என்ன சொன்னாலும் முன்பணம் கொடுக்காதீர்கள். இந்த வாரமே சிறப்பு நீதிமன்றத்தில் மனு போடுங்கள்.